சாசேஜ் கிரேவியும் பிஸ்கட்டும்: எதில் சுருக்கலாம், எதில் சுருக்கக் கூடாது

கேள்வி இதுதான்: அமெரிக்க டைனர்களில் காலையில் கிடைக்கும் பிஸ்கட்டும் சாசேஜ் கிரேவியும் வீட்டில் செய்ய வேண்டும், அதற்கு அரை மணி, முக்கால் மணிக்கு மேல் ஒதுக்க முடியாது, டப்பா பிஸ்கட், பாக்கெட் கிரேவி இவற்றை நம்பி இறங்கலாமா?

பாதிக்குப் பாதி நம்பலாம். பிஸ்கட்டில் எவ்வளவு வேண்டுமானாலும் சுருக்குங்கள். கிரேவியில் மட்டும் வேண்டாம். பிஸ்கட்டில் நேரத்தைத் தின்பது வெண்ணெயை மாவில் பிசறுவது, மடித்துத் தட்டுவது, வெட்டுவது ஆகிய கைவேலைதான். அதை வேறு யாரோ செய்து கொடுத்தாலும், மேலே கிரேவியை ஊற்றிய பிறகு பெரிய குறை தெரியாது. கிரேவியின் ருசி அப்படியல்ல. அது சட்டியில் முறுகும் கறியிலும் அதிலிருந்து உருகி வரும் கொழுப்பிலும்தான் இருக்கிறது. பாக்கெட் வாங்கினாலும் சாசேஜைத் தனியாக வறுத்துத்தான் ஆக வேண்டும். வறுத்த பின் அதே சட்டியில் மாவைத் தூவிப் பாலை ஊற்றுவது இன்னும் ஏழெட்டு நிமிட வேலை. அந்த ஏழெட்டு நிமிடத்துக்காகப் பாக்கெட் பொடியின் தட்டையான ருசியை ஏற்பது நல்ல பேரம் இல்லை.

சாப்பிட்டிராதவர்களுக்கு: இங்கே பிஸ்கட் என்பது பேக்கிங் பவுடரால் பொங்கி எழும்பும், உப்புச் சுவையுள்ள மெத்தென்ற சிறு ரொட்டி. அதை இரண்டாகப் பிளந்து, மிளகு தூக்கலான வெள்ளைக் கிரேவியை மேலே ஊற்றிச் சூடாகச் சாப்பிடுவார்கள். அமெரிக்கத் தென்மாநிலங்களின் உணவு. அப்பலாச்சிய மலைப்பகுதியின் மரம் அறுக்கும் முகாம்களோடு சேர்த்துப் பேசப்படுவதால் இந்தக் கிரேவிக்கு ‘சாமில் கிரேவி’ என்றும் பெயர் உண்டு. மாவு, பன்றிக் கொழுப்பு, பால் என மலிவான பொருட்களைக் கொண்டு உழைப்பாளிகளின் வயிற்றை நிரப்பச் செய்தது. அதனால் இதில் அலங்காரத்துக்கு இடமே இல்லை.

முதலில் கிரேவி. நான்கு பேருக்கு ஒரு பவுண்டு, அதாவது 454 கிராம் சாசேஜ், 40 கிராம் மைதா, ஏறக்குறைய ஐந்து டேபிள்ஸ்பூன், 720 மி.லி. பால், அமெரிக்க அளவில் மூன்று கப். கொரகொரப்பாகப் பொடித்த மிளகு ஒன்று முதல் ஒன்றரை டீஸ்பூன். உப்பு கடைசியில் ருசி பார்த்த பிறகுதான்.

சாசேஜ் என்றால் எது வேண்டுமானாலும் இல்லை. அமெரிக்கக் கடைகளில் ‘பிரேக்ஃபாஸ்ட் சாசேஜ்’ என்று குளிர்பெட்டியில் உருளையாக, உறை இல்லாமல், பச்சைக் கறியாக விற்பார்கள்; ஜிம்மி டீன் மாதிரியான பிராண்டுகளில் ஒரு பவுண்டு உருளை எங்கும் கிடைக்கும். சேஜ் என்ற மூலிகை இலையும் மிளகும் சேர்த்திருப்பார்கள். சேஜ் தூக்கலாகவோ காரமாகவோ இருக்கும் வகையை எடுத்தால் கிரேவி தனியாக எடுபடும். இத்தாலியன் சாசேஜில் சோம்பு வாசனை இருப்பதால் வேறு பதார்த்தமாகிவிடும். மேப்பிள் வகை தித்திக்கும். ஏற்கெனவே வேகவைத்து உறையில் அடைத்த சாசேஜிலிருந்து கொழுப்பு போதிய அளவு இறங்காது. இறங்கும் கொழுப்புதான் மாவுக்கு ஆதாரம் என்பதால் அதை வைத்து இதைச் செய்ய முடியாது.

30 செ.மீ. அகலமுள்ள கனமான சட்டி எடுங்கள். வார்ப்பிரும்பு நல்லது. நான்ஸ்டிக்கில் அடியில் பழுப்புப் படலம் பிடிக்காது, பிடிக்காவிட்டால் கிரேவிக்கு நிறமும் ருசியும் குறையும். நடுத்தரத் தீக்குச் சற்று மேலே வைத்துக் கறியைப் பரப்பிவிட்டு, மூன்று நிமிடம் தொடாமல் விடுங்கள். பலர் சறுக்கும் இடம் இதுதான். போட்டதும் கிளறத் தொடங்கினால் கறி தண்ணீர் விட்டு அந்தத் தண்ணீரிலேயே வெந்து சாம்பல் நிறமாகிவிடும். பிறகு எவ்வளவு மிளகு போட்டாலும் கிரேவி வெறும் பால்கூழ்தான். அடிப்பக்கம் நன்றாகச் சிவந்த பிறகு மரக்கரண்டியால் உடையுங்கள். பட்டாணி அளவிலும் கோலிக்குண்டு அளவிலும் கலந்து இருக்கட்டும். மொத்தம் எட்டு முதல் பத்து நிமிடம். வேகாத கறியின் இளஞ்சிவப்பு எங்கும் இருக்கக் கூடாது. தெர்மாமீட்டர் இருந்தால் பன்றிக் கறிக்கு 71 டிகிரி செல்சியஸ், கோழிக்கும் வான்கோழிக்கும் 74.

கொழுப்பை வடித்துக் கொட்டாதீர்கள். கறியை ஒரு பக்கம் ஒதுக்கிச் சட்டியைச் சாய்த்துப் பாருங்கள். மூன்று டேபிள்ஸ்பூனாவது தேங்க வேண்டும். குறைந்தால் வெண்ணெயால் ஈடுகட்டுங்கள். ஆறு ஸ்பூனுக்கு மேல் தேங்கினால் மட்டும் உபரியை எடுத்துவிடலாம்.

இப்போது முதல் உண்மையான குறுக்குவழி: கறியைத் தட்டில் எடுத்து வைத்துத் தனியாக மாவு வறுக்கத் தேவையில்லை. கறி சட்டியில் இருக்கும்போதே மாவை மேலே பரவலாகத் தூவி, வெள்ளையே தெரியாதபடி கிளறுங்கள். மாவுத்துகள் ஒவ்வொன்றையும் கொழுப்பு சூழ்ந்துகொண்டால் பால் பட்டதும் அவை ஒன்றோடொன்று ஒட்டாது. கட்டி தட்டாமல் இருப்பதன் ரகசியம் அவ்வளவே. கறித்துண்டுகளும் மாவைப் பிரித்துப் பிடித்துக்கொள்வதால் இந்த முறையில் கட்டி விழுவது இன்னும் குறைவு. ஒன்றரை நிமிடம், அதிகம் போனால் இரண்டு நிமிடம் வதக்கினால் பச்சை மாவு வாசனை போய்விடும். அதற்கு மேல் சிவக்க விடாதீர்கள். மாவு சிவக்கச் சிவக்க அதன் கெட்டிப்படுத்தும் சக்தி குறையும்.

பால் குளிர்ச்சியாக இருந்தாலும் பரவாயில்லை, ஒரே மூச்சில் கவிழ்க்காதிருந்தால் சரி. முதலில் அரை கப் ஊற்றிக் களிபோல் ஆகும்வரை கிளறி, அடியில் ஒட்டிய பழுப்பைச் சுரண்டிவிடுங்கள். மீதியை மூன்று தவணையாக ஊற்றுங்கள். எல்லாம் ஊற்றியதும் நீர்க்கத்தான் இருக்கும். பயந்துபோய் இன்னும் மாவு போடாதீர்கள். மாவிலுள்ள ஸ்டார்ச் முழுதாக உப்பிக் கெட்டிப்படுவது கொதிநிலைக்குப் பக்கத்தில் போன பிறகுதான். முதல் குமிழிகள் வந்ததும் தீயைக் குறைத்து, மூன்று முதல் ஐந்து நிமிடம் அடியைத் துழாவியபடி இருங்கள். ஓரத்தில் மட்டும் குமிழி வந்தால் போதும். தளதளவென்று கொதித்தால் பால் அடிப்பிடிக்கும். பொறுமையில்லாமல் மாவைக் கூட்டியவர்களின் கிரேவிதான் மேசைக்கு வரும்போது பசையாக நிற்கும்.

கரண்டியிலிருந்து விழும்போது இட்லி மாவைவிடச் சற்றுத் தளர இருக்கும்போதே அடுப்பை அணைத்துவிடுங்கள். தட்டில் ஆறும்போது அது தானாக இறுகும். மிளகில் பாதியை மாவோடும், மீதியை இறக்கும்போதும் போட்டால் காரமும் வரும், வாசனையும் நிற்கும். சாசேஜில் ஏற்கெனவே உப்பு உண்டு, பிஸ்கட்டிலும் உண்டு. பெரும்பாலும் கால் டீஸ்பூனுக்கு மேல் தேவைப்படாது.

நம் கை தானாக வெங்காயம், இஞ்சி பூண்டு விழுது, கறிவேப்பிலை பக்கம் போகும். போட்டால் கெட்டுவிடாது; ஆனால் செய்ய உட்கார்ந்த பதார்த்தம் அது இல்லை. காரம் கூட வேண்டும் என்றால் ஒரு சிட்டிகை மிளகாய்த்தூளோடு நிறுத்திக்கொள்ளலாம்.

தவறிப் போனால் சரிசெய்ய வழி உண்டு. அதிகம் கெட்டியானால் இரண்டிரண்டு ஸ்பூனாகச் சூடான பால். கொதித்த பிறகும் நீர்த்தே இருந்தால், ஒரு ஸ்பூன் மைதாவை ஒரு ஸ்பூன் இளகிய வெண்ணெயில் குழைத்து, சிறு சிறு உருண்டையாகக் கிரேவியில் கரைத்து இரண்டு நிமிடம் கொதிக்க விடுங்கள். உலர்ந்த மாவை நேரே தூவினால் கட்டிதான் மிஞ்சும். மேலே எண்ணெய் மிதந்தால் கொழுப்புக்கு ஏற்ற மாவு போடவில்லை என்று அர்த்தம். மிதப்பதைக் கரண்டியால் வழித்து எடுத்துவிடுங்கள். உப்பு கரித்தால் பாலைக் கூட்டி, மேலே சொன்ன வெண்ணெய்க் குழைவால் மறுபடி கெட்டிப்படுத்துவதைத் தவிர வேறு மந்திரம் இல்லை. உருளைக்கிழங்கு போட்டால் உப்பை இழுத்துவிடும் என்பதை நம்பாதீர்கள்.

வீட்டில் பால் தீர்ந்திருந்தால் ஒரு டப்பா எவாப்பரேட்டட் மில்க், 354 மி.லி., அதே அளவு தண்ணீர். சரியாக அந்த மூன்று கப் வந்துவிடும். எளிதில் திரியாது, சற்று கூடுதல் வழவழப்பும் தரும். கன்டென்ஸ்டு மில்க் அல்ல. அது சர்க்கரைப் பால்.

இனி பிஸ்கட். சோம்பேறித்தனத்தின் அளவைப் பொறுத்துச் சில வழிகள் இருக்கின்றன.

குளிர்பெட்டி டப்பா மாவு மிகச் சுலபம். கென்டக்கியின் லூயிவில்லில் லைவ்லி வில்லோபி என்பவர் 1931இல் காப்புரிமை பெற்ற ஏற்பாடு இது. பிறகு 1951இல் பில்ஸ்பரி அந்தத் தொழிலை வாங்கியது. உறையை உரித்து, இணைப்புக் கோட்டில் ஸ்பூனின் பின்புறத்தால் அழுத்தினால் ‘டப்’ என்று திறந்துகொள்ளும். உள்ளே மாவு வாயு அழுத்தத்தோடு அடைந்திருக்கிறது. முகத்துக்கு நேரே பிடிக்காதீர்கள். ஏடு ஏடாகப் பிரியும் வகை கிரேவிக்கு அவ்வளவு பொருந்தாது. ‘சதர்ன்’ என்றோ ‘பட்டர்மில்க்’ என்றோ போட்ட, உதிரும் வகைதான் கிரேவியை நன்றாக உறிஞ்சும். டப்பாவில் போட்டிருக்கும் சூட்டைத் தாண்டாதீர்கள். பெரிய பிஸ்கட்டுகளுக்கு அது பெரும்பாலும் 350 டிகிரி ஃபாரன்ஹீட், அதாவது 175 செல்சியஸ் அளவில்தான் இருக்கும். வீட்டு மாவுக்குப் போல 230இல் வைத்தால் வெளியே கருகி நடுவில் பச்சையாக நிற்கும். எடுத்ததும் மேலே உருகிய வெண்ணெய் தடவினால் டப்பா வாசனை பாதி மறைந்துவிடும்.

பிஸ்க்விக் மாதிரியான கலவைப் பொடி அடுத்த வழி. இரண்டேகால் கப் பொடி, முக்கால் கப்புக்குச் சற்றுக் குறைவாக, சரியாகச் சொன்னால் மூன்றில் இரண்டு பங்கு கப் பால், 230 டிகிரியில் எட்டு முதல் பத்து நிமிடம். ஒன்பது பிஸ்கட் வரும். சாப்பிடலாம். ஆனால் இதற்குச் செலவாகும் அதே நேரத்தில் அடுத்து வருவதைச் செய்துவிடலாம் என்பதால், பொடி வாங்குவதில் லாபம் ஏதும் இல்லை.

அடுத்து வருவது க்ரீம் பிஸ்கட். இரண்டே பொருள்தான்: பேக்கிங் பவுடரும் உப்பும் கலந்தே வரும் செல்ஃப் ரைசிங் மாவு 240 கிராம், ஒன்று முதல் ஒன்றேகால் கப் ஹெவி க்ரீம். வெண்ணெய் பிசறும் வேலையே கிடையாது, ஏனென்றால் ஹெவி க்ரீமில் 36 சதவீதத்துக்குக் குறையாத கொழுப்பு இருக்கிறது. மாவுக்கு வேண்டிய ஈரமும் நெய்ப்பசையும் ஒரே ஊற்றலில் கிடைத்துவிடுகின்றன. முதலில் ஒரு கப் ஊற்றி முள்கரண்டியால் சேருங்கள். உலர்ந்த மாவு கிண்ணத்தில் மிஞ்சினால் மட்டும் ஸ்பூன் ஸ்பூனாகக் கூட்டுங்கள். மாவு தூவிய மேடையில் கொட்டி, சப்பாத்தி மாவைப் போல் பிசையாமல், நான்கைந்து முறை மடித்து மடித்து அமுக்கினால் போதும். இரண்டு செ.மீ. தடிமனாகத் தட்டி, ஆறு செ.மீ. வட்டமாக வெட்டுங்கள். 230 டிகிரியில் 12 முதல் 15 நிமிடம். எட்டு பிஸ்கட். நேரத்தையும் ருசியையும் சேர்த்துப் பார்த்தால் எல்லா வழிகளிலும் இதற்குத்தான் என் ஓட்டு.

செல்ஃப் ரைசிங் மாவு இல்லையா? ஒவ்வொரு கப் மைதாவுக்கும், அதாவது 120 கிராமுக்கும், ஒன்றரை டீஸ்பூன் பேக்கிங் பவுடர், கால் டீஸ்பூன் உப்பு. தென்மாநிலத்தவர்கள் ஒயிட் லில்லி மாவைக் கொண்டாடுவதற்குக் காரணம் அது மென்கோதுமையில் அரைத்தது, புரதம் குறைவு. அதனால் பிஸ்கட் இழுபடாமல் உதிரும். புரதம் கூடிய பிரெட் மாவை மட்டும் தவிர்த்தால் மற்றபடி சாதாரண மைதாவே போதும்.

க்ரீம் இல்லாமல் வெண்ணெயும் பட்டர்மில்க்கும்தான் இருக்கின்றன என்றால் கரண்டியால் அள்ளிப் போடும் டிராப் பிஸ்கட். 240 கிராம் மைதா, இரண்டு டீஸ்பூன் பேக்கிங் பவுடர், அரை டீஸ்பூன் பேக்கிங் சோடா, முக்கால் டீஸ்பூன் உப்பு. 100 கிராம் வெண்ணெயை உருக்கி ஐந்து நிமிடம் ஆறவிட்டு, ஒரு கப் சில்லென்ற பட்டர்மில்க்கில் ஊற்றிக் கலக்குங்கள். வெண்ணெய் சட்டென்று உறைந்து, திரிந்த பால் மாதிரி திட்டுத்திட்டாக நிற்கும். அதுதான் வேண்டும். கையால் வெண்ணெய் பிசறிக் கிடைப்பதைக் குளிர்ச்சியே செய்து கொடுத்துவிடுகிறது. மாவோடு சேர்த்து, கால் கப் அளவாக அள்ளிப் போட்டு அதே 230 டிகிரியில் 13 முதல் 15 நிமிடம். உருட்டல் இல்லை, வெட்டல் இல்லை. உருவம் கரடுமுரடாக இருக்கும், அந்தப் பள்ளங்களில் கிரேவி நன்றாகத் தங்கும்.

பட்டர்மில்க் என்று அமெரிக்காவில் விற்பது கெட்டியான புளித்த பால். நம் வீட்டு மோரை ஊற்றினால் மாவு ஓடும். முக்கால் கப் கெட்டித் தயிரில் கால் கப் பால் கலந்தால் சரியாக வரும். பாலில் எலுமிச்சைச் சாறு பிழிவதும் நடக்கும். ஆனால் அது நீர்ப்பாகவே இருப்பதால் இரண்டு ஸ்பூன் குறைத்து ஊற்றுங்கள். சோடாவுக்குப் புளிப்பு தேவை. வெறும் பாலை ஊற்றினால் சோடா மிஞ்சி, சோப்பு மாதிரி ஒரு ருசியும் மஞ்சள் திட்டுகளும் வரும்.

பிஸ்கட் உப்பாமல் கல்லாகப் போவதற்குக் காரணங்கள் எப்போதும் சிலவேதான். பழைய பேக்கிங் பவுடர்: கால் டீஸ்பூனை வெந்நீரில் போட்டால் நுரைத்துப் பொங்க வேண்டும். கப்பால் மாவை அழுத்தி அள்ளியது: 120 கிராம் இருக்க வேண்டிய கப் 150ஐத் தொட்டுவிடும், ஆகவே தராசு நல்லது. வெட்டும்போது டம்ளரைத் திருகியது: ஓரம் ஒட்டிக்கொண்டு ஒரு பக்கமாகச் சாயும்; நேரே அழுத்தி நேரே எடுக்க வேண்டும். தட்டில் தள்ளித் தள்ளி வைத்தது: ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருந்தால் பக்கவாட்டில் பரவ இடமின்றி மேலே எழும். எல்லாவற்றையும்விட அதிகம் நடப்பது, ஓவன் முழுச் சூட்டுக்கு வருமுன் உள்ளே வைப்பது. முதல் சில நிமிடச் சூட்டில்தான் அது எழும்பும்.

வேகாத டப்பா மாவின் மேலேயே கிரேவியை ஊற்றி மொத்தமாக ஓவனில் வைக்கும் கேசரோல் முறை ஒன்று புழங்குகிறது. பாத்திரம் மிச்சம்தான், ஆனால் கிரேவிக்கு அடியில் இருக்கும் மாவு வறுபடாமல் ஆவியில் வெந்து கொழகொழவென்று நிற்கும். எனக்கு உடன்பாடில்லை. செய்தே ஆக வேண்டும் என்றால் மாவைக் காலாக வெட்டி, முதலில் முக்கால் பதம் வெந்து நிறம் வந்த பிறகு ஊற்றுங்கள்.

வேலை வரிசை முக்கியம், ஏனென்றால் இரண்டும் சூடாக ஒரே நேரத்தில் வர வேண்டும். முதலில் ஓவன். அது சூடாகும் 15, 20 நிமிடத்தில் பிஸ்கட்டைத் தட்டி வெட்டிக் குளிர்பெட்டியில் வைத்துவிடுங்கள். சாசேஜ் சட்டியில் விழும்போதே பிஸ்கட் தட்டும் ஓவனுக்குள் போகட்டும். கிரேவி முடியும்போது பிஸ்கட் வெளியே வந்து இரண்டு நிமிடம் ஆகியிருக்கும். பிளப்பதற்கு அது சரியான நேரம்.

முதல்நாள் ஏற்பாடு செய்ய விரும்பினால் எதை உறைய வைப்பது என்பதில் கவனம். முடிந்த கிரேவியை உறைய வைக்காதீர்கள். மாவால் கெட்டிப்பட்ட பால் உறைந்து உருகும்போது ஸ்டார்ச் இறுகித் தண்ணீரைக் கக்கிவிடும், திரிதிரியாகத் தெரியும். அதற்குப் பதில் சாசேஜை வறுத்து, கொழுப்போடு சேர்த்துப் பையில் போட்டு உறைய வையுங்கள். காலையில் சூடாக்கி, மாவு, பால், பத்து நிமிடம். வெட்டிய பச்சை பிஸ்கட்டும் அப்படியே: தட்டில் தனித்தனியாக உறைந்த பிறகு பையில் போட்டு, உருக விடாமல் நேரே 220 டிகிரி ஓவனில் 18 முதல் 20 நிமிடம். இரட்டை வினை பேக்கிங் பவுடரின் ஒரு பகுதி சூடு பட்ட பிறகே வேலை செய்வதால் எழும்புவதில் குறை இருக்காது.

பன்றிக் கறி சாப்பிடாதவர்களுக்குக் கோழி அல்லது வான்கோழிக் கொத்துக்கறி சரிப்படும். ஆனால் அதில் கொழுப்பு போதாது, மூன்று டேபிள்ஸ்பூன் வெண்ணெய் சேர்த்தே தொடங்குங்கள். சென்னை, பெங்களூர் கோல்ட் ஸ்டோரேஜ் கடைகளில் பிரேக்ஃபாஸ்ட் சாசேஜ் உருளையைத் தேடி அலைவதைவிட, கால் பங்கு கொழுப்போடு பன்றிக் கொத்துக்கறி அரைத்து வாங்குவது சுலபம். 450 கிராமுக்கு உப்பு ஏழு கிராம், மிளகுத்தூள் ஒரு டீஸ்பூன், காய்ந்த சேஜ் ஒரு டீஸ்பூன், தைம் அரை டீஸ்பூன், இடித்த மிளகாய் கால் டீஸ்பூன், நாட்டுச்சர்க்கரை ஒரு டீஸ்பூன், ஒரு சிட்டிகை ஜாதிக்காய். கலந்து இரவு முழுக்கக் குளிர்பெட்டியில் வைத்தால் உப்பு கறியில் இறங்கும். சேஜ் கிடைக்காவிட்டால் தைமைக் கூட்டிக்கொள்ளலாம். வாசனை அதுவாகவே இருக்காது, ஆனாலும் பொருந்தும். க்ரீம் விஷயத்தில் கவனம்: இங்கே அட்டைப்பெட்டியில் வரும் ஃப்ரெஷ் க்ரீமில் கொழுப்பு 25 சதவீதம்தான், பிஸ்கட் இறுகும். 200 மி.லி. க்ரீமுக்கு 30 கிராம் உருக்கிய வெண்ணெய் கலந்தால் ஈடாகும்.

மிஞ்சிய கிரேவியை இரண்டு மணி நேரத்துக்குள் அகலப் பாத்திரத்தில் குளிர்பெட்டிக்கு மாற்றிவிடுங்கள். மூன்று, நான்கு நாள் தாங்கும். எடுக்கும்போது கேக் மாதிரி இறுகியிருக்கும். கப்புக்கு மூன்று, நான்கு ஸ்பூன் பால் ஊற்றிச் சிறு தீயில் உடைத்துக் கிளறினால் பழைய பதத்துக்கு வந்துவிடும். மைக்ரோவேவ் என்றால் அரை நிமிடத்துக்கு ஒருமுறை நிறுத்திக் கிளற வேண்டும்.